பிக் வீல்: ஒற்றைச் சக்கர வில்லனைப் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பிக் வீல் யார்?

மார்வெல் காமிக்ஸில் ஸ்பைடர்மேன் கதைகளில் வந்துபோன ஒரு சில்லறை வில்லன். இயற்பெயர் ஜாக்சன் வீல். பறக்கமாட்டான், சுவரில் ஒட்டமாட்டான், கையிலிருந்து மின்னல் வராது. ராட்சத உலோகச் சக்கரம் ஒன்றின் நடுவில் உட்கார்ந்துகொண்டு நியூயார்க் நகரத்தைக் கலக்குவான். அவன் சக்தி மொத்தமும் அந்த வண்டிதான். வண்டியை விட்டு இறங்கிவிட்டால் கடன்காரனுக்குப் பயந்து ஒளிகிற சாதாரண அலுவலக ஆசாமி.

‘தி அமேசிங் ஸ்பைடர்மேன்’ 182ஆம் இதழில் (ஜூலை 1978) கோட்டும் டையுமாக அறிமுகமானான். அடுத்த இதழிலேயே (ஆகஸ்ட் 1978) சக்கரத்தில் ஏறினான். அதே இதழின் கடைசிப் பக்கங்களில் ஆற்றில் விழுந்தான். ஒரு வில்லனின் வாழ்க்கை இதைவிடச் சுருக்கமாக இருக்க முடியாது. குடும்பப் பெயரே வீல் என்று வைத்தாகிவிட்டது. அதற்குப் பிறகு அவனுக்கு வேறு என்ன வண்டி கொடுத்திருக்க முடியும்?

கதை என்ன? கொஞ்சம் விவரமாகச் சொல்ல முடியுமா?

முடியும். இந்தக் கதையை வண்டிக்காக மட்டும் நினைவில் வைத்திருப்பவர்களுக்கு அதன் உள்விவகாரம் மறந்துபோயிருக்கும்.

ஜாக்சன் வீல் ஒரு நிறுவனத்தின் பணத்தைக் கையாடல் செய்தவன். அதற்கான ஆதாரம் வெளியே வந்தால் மானமும் போகும், சிறைக்கும் போக வேண்டும். ஆகவே அந்த ஆதாரத்தைத் திருடிக்கொண்டு வர ஒரு கூலியாளை அமர்த்துகிறான். அந்தக் கூலியாள் ராக்கெட் ரேசர்: ராக்கெட் பொருத்திய ஸ்கேட்போர்டில் நின்றபடி தெருவிலும் சுவரிலும் பாயும் இளைஞன். ரேசர் காரியத்தைக் கச்சிதமாக முடித்துவிடுகிறான். ஆனால் கையில் கிடைத்த பொருளின் மதிப்பு என்ன என்று புரிந்ததும் முதலாளியிடம் ஒப்படைப்பதற்குப் பதிலாக அதை வைத்தே அவனை மிரட்டத் தொடங்குகிறான். திருடச் சொன்னவனே திருடனிடம் மாட்டிக்கொண்டான்.

போலீசுக்குப் போக வழியில்லை. கேட்ட பணத்தைக் கொடுத்துக்கொண்டே இருக்கவும் முடியாது. நொந்துபோயிருக்கும் நேரத்தில் ரேசர் அவனை ‘பிக் வீல்’ என்று வேறு கேலி செய்கிறான். பெரிய புள்ளி என்ற கிண்டலும் அவன் பெயரும் ஒன்றாகச் சேர்ந்த அந்தச் சொல் அவனுக்குள் எதையோ கிளப்பிவிடுகிறது. சட்டவிரோதமாக ஆயுதங்கள் செய்து தரும் டிங்கரரிடம் போகிறான். ரேசரின் கருவிகளிலும் டிங்கரரின் கைவேலை உண்டு. அவர் இவனுக்கும் ஒரு வண்டி செய்து தருகிறார். எதிரெதிர் இருவருக்கும் ஒரே பட்டறை.

பிறகு நடப்பது துரத்தல். ரேசர் சுவரில் ஏறினால் சக்கரமும் சுவரில் ஏறுகிறது. அவன் கூரைக்குப் போனால் அதுவும் போகிறது. ஸ்பைடர்மேன் இருவருக்கும் நடுவில் வந்து மாட்டிக்கொள்கிறார். கடைசியில் வீல் கட்டுப்பாட்டை இழக்கிறான். சக்கரம் உயரத்திலிருந்து ஹட்சன் ஆற்றில் விழுந்து மூழ்குகிறது.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று இருக்கிறது. வீலுக்கு ஸ்பைடர்மேன் மீது எந்தப் பகையும் இல்லை. உலகத்தை ஆளும் திட்டமில்லை, வங்கிக் கொள்ளை இல்லை. தன்னை மிரட்டிய ஒருவனைத் தீர்த்துக்கட்ட வேண்டும், அவ்வளவுதான். ஸ்பைடர்மேன் அவனுக்கு வழியில் குறுக்கே வந்த ஆள். ஹீரோவைப் பார்த்து ஒரு வசைகூட மிச்சம் வைக்காத வில்லன்கள் நிறைந்த அந்தத் தொடரில், ஹீரோவை இவ்வளவு பொருட்படுத்தாத வில்லன் அபூர்வம்.

அந்த வண்டி என்னென்ன செய்யும்?

உருளும். கட்டிடங்களின் செங்குத்துச் சுவரில் ஏறும். துப்பாக்கிகள் பொருத்தப்பட்டிருக்கும். பொருள்களைப் பிடிக்கவும் தூக்கவும் இயந்திரக் கைகள் உண்டு. ஓட்டுநர் நடுவில் உட்கார்ந்திருப்பான். சக்கரம் அவனைச் சுற்றிச் சுழலும்.

இப்படி ஒரு வண்டி உண்மையில் ஓடுமா?

சிரிக்காதீர்கள், ஓடியிருக்கிறது.

இங்கிலாந்தில் சாமர்செட் மாவட்டத்தின் டான்டன் நகரைச் சேர்ந்த ஜே. ஏ. பர்வ்ஸ் என்பவர் 1930இல் ‘டைனாஸ்பியர்’ என்ற ஒற்றைச் சக்கர வண்டிக்குக் காப்புரிமை பெற்றார். 1932இல் கடற்கரை மணலில் ஓட்டிக் காட்டவும் செய்தார். பெட்ரோலில் ஓடிய பெரிய மாதிரி சுமார் 3 மீட்டர் உயரம், ஏறக்குறைய 450 கிலோ எடை. இரும்புச் சட்டங்களால் பின்னிய பெரிய வளையம். அதன் உட்புறம் ஓட்டுநர் இருக்கையும் எஞ்சினும். மணிக்கு 40 முதல் 48 கிலோமீட்டர் வேகம் வரை போனது. எதிர்காலத்தின் வாகனம் இதுதான் என்று பர்வ்ஸ் நம்பினார். எதிர்காலம் வந்தது, வண்டி வரவில்லை.

வராததற்குக் காரணம் எளிது. ஒற்றைச் சக்கர வண்டியில் எஞ்சின் சக்கரத்தை நேராகத் தள்ளுவதில்லை. உள்சட்டம் வளையத்தின் உட்புறத்தில் முன்னோக்கி மேலேறப் பார்க்கிறது. ஓட்டுநரின் எடையும் எஞ்சினின் எடையும் அதைக் கீழே இழுக்கின்றன. அந்த இழுவையால்தான் வளையம் உருள்கிறது. ஆகவே எடை எவ்வளவு இழுக்குமோ அவ்வளவுதான் முடுக்க முடியும். அதற்கு மேல் எஞ்சினை முறுக்கினால் வண்டி வேகமெடுக்காது. உள்ளே இருப்பவர், கூண்டுச் சக்கரத்தில் ஓட்டம் தவறிய வெள்ளெலிபோலத் தலைகீழாகச் சுற்றத் தொடங்கிவிடுவார். பிரேக் பிடிக்கும்போதும் இதே கதி. திடீரென்று நிறுத்தினால் உள்சட்டம் வளையத்தோடு பிணைந்துகொண்டு ஓட்டுநரையும் சேர்த்து உருட்டிவிடும். திருப்புவதும் லேசான காரியமல்ல. உடலையோ உள்சட்டத்தையோ ஒரு பக்கம் சாய்க்க வேண்டும்.

இப்போது பிக் வீலுக்கு வருவோம். எடை, அச்சுக்கு எவ்வளவு கீழே தொங்குகிறதோ அவ்வளவு இழுவை கிடைக்கும். டைனாஸ்பியரில் ஓட்டுநர் அச்சுக்குக் கீழே உட்கார்ந்திருந்தார். ஜாக்சன் வீலோ நட்டநடுவில் உட்கார்ந்திருக்கிறான். சரியாக மையத்தில் இருக்கும் எடைக்குச் சக்கரத்தை நகர்த்தும் பிடிமானமே இல்லை. எஞ்சினை இயக்கினால் சக்கரம் நின்ற இடத்திலேயே நிற்க, அவன் மட்டும் சுழல வேண்டும். அடியில் கனமான ஏதோ ஒன்றை டிங்கரர் மறைத்து வைத்திருக்கிறார் என்று நாமாகச் சமாதானம் சொல்லிக்கொள்ளலாம். சுவரில் ஏறுவதற்கு அந்தச் சமாதானமும் செல்லாது. செங்குத்துச் சுவரில் சக்கரத்தைச் சுவரோடு அழுத்திப் பிடிக்க ஒரு விசை வேண்டும். புவியீர்ப்பு அந்தத் திசையில் வேலை செய்யாது.

ஆனால் ஒரு விஷயத்தில் கதாசிரியரை இயற்பியல் முழுமையாக ஆதரிக்கிறது. அவ்வளவு பெரிய சக்கரம் கூரை மீது வேகமாக ஓடிக்கொண்டிருக்கும்போது அதை நிறுத்த முடியாது. முடிவு ஆற்றில்தான் என்பது எழுதிவைத்ததுபோல இருக்கிறது.

ராட்சதச் சக்கரத்தை யாராவது உண்மையிலேயே ஆயுதமாகப் பயன்படுத்தியிருக்கிறார்களா?

பயன்படுத்தப் பார்த்தார்கள். இரண்டாம் உலகப் போரின்போது, ஐரோப்பியக் கடற்கரையில் ஜெர்மானியர்கள் கட்டிய கான்கிரீட் அரண்களை உடைக்க ‘பஞ்சாண்ட்ரம்’ என்ற கருவியை பிரிட்டிஷ் அரசின் ஆயுத ஆராய்ச்சிப் பிரிவு ஒன்று செய்தது. சுமார் 3 மீட்டர் விட்டமுள்ள இரண்டு மரச் சக்கரங்கள், அவற்றை இணைக்கும் உருளைக்குள் வெடிமருந்து, சக்கரங்களின் விளிம்பைச் சுற்றிலும் ராக்கெட்டுகள். ராக்கெட்டுகளைப் பற்றவைத்தால் அது தானாகக் கரையேறி ஓடி அரணில் மோத வேண்டும் என்பது திட்டம்.

1943இல் டெவன் மாவட்டத்துக் கடற்கரையில் சோதித்துப் பார்த்தார்கள். ஒரு பக்கத்து ராக்கெட்டுகள் சில கழன்று போனாலோ பற்றிக்கொள்ளாமல் போனாலோ வண்டி வளைந்து வேறு திசைக்கு ஓடும். ராக்கெட்டுகளின் எண்ணிக்கையைக் கூட்டினார்கள். மூன்றாவது சக்கரம் சேர்த்தார்கள். இரும்புக் கம்பி கட்டித் திசைதிருப்பிப் பார்த்தார்கள். எதுவும் உதவவில்லை. 1944 ஜனவரியில் அதிகாரிகள் முன்னிலையில் நடந்த சோதனையில் அது தறிகெட்டு, படமெடுத்துக்கொண்டிருந்தவரை நோக்கியே பாய்ந்தது. அத்துடன் திட்டத்தை மூட்டைகட்டி வைத்தார்கள். இதில் பணியாற்றியவர்களில் ஒருவர் பின்னாளில் பெரும் புகழ்பெற்ற நாவலாசிரியர் நெவில் ஷூட்.

டிங்கரர் இந்தக் கோப்பைப் படித்திருந்தால் வீலிடம் முன்பணம் வாங்கியிருக்கமாட்டார்.

பிக் வீலை உருவாக்கியவர்கள் யார்?

கதை மார்வ் உல்ஃப்மேன், ஓவியம் ராஸ் ஆண்ட்ரு. இருவரும் சாமானியர்கள் அல்ல. பிளேடு என்ற வேம்பயர் வேட்டைக்காரனை ஓவியர் ஜீன் கோலனோடு சேர்ந்து 1973இல் உருவாக்கியவர் உல்ஃப்மேன். டேர்டெவிலின் பரம எதிரி புல்ஸ்ஐயும் இவருடைய கைவண்ணமே. பிக் வீலுக்கு ஒரு வருடம் கழித்து, 1979இல், ஸ்பைடர்மேன் தொடரிலேயே பிளாக் கேட்டை அறிமுகப்படுத்தினார். பிறகு டிசி நிறுவனத்துக்குப் போய் ஜார்ஜ் பெரெஸோடு சேர்ந்து ‘தி நியூ டீன் டைட்டன்ஸ்’ (1980), ‘கிரைசிஸ் ஆன் இன்ஃபினிட் எர்த்ஸ்’ (1985) என்று எழுதி அந்த நிறுவனத்தின் முழு உலகத்தையே கலைத்து அடுக்கினார்.

பிக் வீல் அறிமுகமான 182ஆம் இதழ்தான் அமேசிங் ஸ்பைடர்மேனில் உல்ஃப்மேன் தொடராக எழுதத் தொடங்கிய முதல் இதழ். பெரிய தொடரின் பொறுப்பை ஏற்றுக்கொள்பவர் வழக்கமாகப் பெரிய வில்லனை இறக்கித் தன் வரவைத் தெரிவிப்பார். இவரோ கையாடல் ஆசாமியோடு தொடங்கினார்.

ஆண்ட்ரு ஏறக்குறைய ஐந்து ஆண்டுகள் (1973 முதல் 1978 வரை) அந்தத் தொடரின் முதன்மை ஓவியராக இருந்தவர். பனிஷர் முதன்முதலில் தோன்றிய 129ஆம் இதழ் (பிப்ரவரி 1974) இவர் வரைந்தது. 1976இல் சூப்பர்மேனும் ஸ்பைடர்மேனும் சந்தித்த அந்தப் பெரிய அளவு இதழும் இவருடையது. நியூயார்க் தெருக்களைப் புகைப்படம் எடுத்து வைத்துக்கொண்டு வரைந்தவர் என்பதால் அவருடைய கட்டிடங்கள் வெறும் பெட்டிகளாக நிற்பதில்லை. கீழே தெரு எவ்வளவு ஆழத்தில் இருக்கிறது என்று வயிற்றில் உணர முடியும். பிக் வீல் சுவரில் ஏறும் காட்சி கேலிக்கூத்தாகச் சரிந்துவிடாமல் நிற்பதற்கு அந்த ஆழமே காரணம். வண்டி நம்பமுடியாதது, ஆனால் அது ஏறுகிற கட்டிடம் நிஜமானது. ஆண்ட்ரு அதற்குச் சில இதழ்களுக்குப் பின் தொடரிலிருந்து விலகினார்.

டிங்கரர் யார்?

இயற்பெயர் ஃபினியஸ் மேசன். 1963இலேயே, அமேசிங் ஸ்பைடர்மேன் இரண்டாம் இதழில், ஸ்டான் லீயும் ஸ்டீவ் டிட்கோவும் அறிமுகப்படுத்திய கிழவர். வெளியே பழுதுபார்க்கும் கடை. உள்ளே குற்றவாளிகளுக்குக் கருவிகள் செய்து தரும் தொழில். மார்வெல் உலகத்தின் சில்லறை வில்லன்கள் பலரின் உடையும் ஆயுதமும் அவர் பட்டறையில் உருவானவை. வில்லன்கள் தோற்கிறார்கள், சிறைக்குப் போகிறார்கள், ஆற்றில் விழுகிறார்கள். அவருடைய வியாபாரம் மட்டும் நிற்காமல் நடக்கிறது.

அவருடைய முந்தைய வேலை ஒன்றை இங்கே சொல்லியாக வேண்டும். 1974இல் ஸ்பைடர்மேனுக்கே ஒரு கார் கொடுக்கப்பட்டது: ஸ்பைடர்-மொபைல். 130ஆம் இதழில் அறிமுகம். எழுதியவர் ஜெர்ரி கான்வே, வரைந்தவர் அதே ஆண்ட்ரு. கட்டிடத்துக்குக் கட்டிடம் வலை வீசித் தாவுகிறவருக்கு மன்ஹாட்டன் போக்குவரத்து நெரிசலில் கார் எதற்கு என்று வாசகர்கள் கேட்டார்கள். கதைக்குள் ஸ்பைடர்மேனும் அதையேதான் கேட்டார். 141ஆம் இதழில் மிஸ்டீரியோவின் மாயத்தோற்றத்தால் ஏமாந்து காரை நீருக்குள் விட்டுவிட்டார். தொல்லை விட்டது என்று நினைத்தால், மூழ்கிய காரை டிங்கரர் எடுத்துச் சீர்செய்து, சுவரில் ஏறும் திறனும் கொடுத்து, 1976இல் (160ஆம் இதழ்) உரிமையாளர் மீதே ஏவிவிட்டார்.

அதாவது பிக் வீல் உருளத் தொடங்குவதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே, அதே தொடரில், அதே டிங்கரர், அதே ஓவியரின் கையால், சுவரேறும் வாகனம் ஒன்று ஸ்பைடர்மேனைத் துரத்தியிருக்கிறது. நான்கு சக்கரத்தில் சரிவராததை ஒற்றைச் சக்கரத்தில் முயன்றிருக்கிறார்கள். இரண்டு வண்டிகளுக்கும் நீரில் மூழ்கும் யோகமும் பொது.

ராக்கெட் ரேசர் நல்லவனா கெட்டவனா?

இரண்டும்தான். ராபர்ட் ஃபாரல் என்ற இந்த இளைஞன் 172ஆம் இதழில் (செப்டம்பர் 1977) வந்தான்; லென் வீன் எழுத, ஆண்ட்ரு வரைந்தார். அமெரிக்காவில் ஸ்கேட்போர்டு மோகம் உச்சத்தில் இருந்த காலம். அப்போதைய மோகம் எதுவானாலும் அதற்கு ஒரு வில்லனைச் செய்துவிடுவது காமிக்ஸ் தொழிலின் பழக்கம்.

வீட்டில் ஏழு பிள்ளைகளில் மூத்தவன், தாய்க்கு நோய், மருத்துவச் செலவு கையை மீறுகிறது. அதனால் குற்றத்தில் இறங்குகிறான். பின்னாளில் திருந்தி ஸ்பைடர்மேனுக்கே துணையாக நிற்கிறான். இந்தக் கதையில் பாவப்பட்டவன் யார், மிரட்டுகிறவன் யார் என்று பிரித்துப் பார்க்கப்போனால், ஏழைப் பையன் பணக்காரத் திருடனை மிரட்டுகிறான். பணக்காரத் திருடன் ஏழைப் பையனைக் கொல்ல வருகிறான். ஸ்பைடர்மேன் யார் பக்கம் நிற்பது? இருவரையும் காப்பாற்றப் பார்ப்பதைத் தவிர அவருக்கு வேறு வழியில்லை. இவ்வளவு நல்ல முடிச்சை ஒரு துரத்தலில் செலவழித்துவிட்டார்கள் என்பது என் குறை.

182, 183 இதழ்களைச் சேகரிப்பவர்கள் பிக் வீலுக்காகவா தேடுகிறார்கள்?

பெரும்பாலானவர்களுக்கு அவன் அதே இதழில் இருப்பதே தெரியாது. 182ஆம் இதழில் பீட்டர் பார்க்கர் (முகமூடி கழற்றிய ஸ்பைடர்மேன்) முதன்முறையாகத் தன் காதலி மேரி ஜேனிடம் தன்னைத் திருமணம் செய்துகொள்ளும்படி கேட்கிறான். 183இல் அவள் மறுத்துவிடுகிறாள். அவர்களுக்குத் திருமணம் ஆக 1987 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. காதலி மறுத்த சோகமும் கட்டிடத்தில் ஏறும் ராட்சதச் சக்கரமும் ஒரே 35 சென்ட் இதழுக்குள் இருந்தன. எழுபதுகளின் மார்வெல் இதழ்களில் எனக்குப் பிடித்த குணமே இந்த வெட்கமின்மைதான்.

ஆற்றில் விழுந்தவன் இறந்துவிட்டானா?

இறந்ததாகத்தான் அப்போது நினைத்தார்கள். காமிக்ஸில் உடல் கிடைக்காதவரை யாரும் இறப்பதில்லை. பல ஆண்டுகள் கழித்துத் திருந்திய மனிதனாகத் திரும்பி வந்தான். ‘வில்-அனான்’ என்ற குழுவிலும் சேர்ந்தான். குடிப்பழக்கத்தை விட நினைப்பவர்கள் கூடிப் பேசும் பன்னிரண்டு படி முறை உண்டல்லவா, அதே முறையில் குற்றப் பழக்கத்தை விட நினைக்கும் வில்லன்களின் குழு அது. ஆர்மடில்லோ, ஹிப்னோ-ஹஸ்லர் போன்றவர்கள் சக உறுப்பினர்கள். யாருக்கும் நினைவில்லாத வில்லன்கள் வட்டமாக உட்கார்ந்து தங்கள் கதையைச் சொல்லிக்கொள்ளும் இடம். வீல் எழுந்து நின்று என்ன சொல்லியிருப்பான் என்று யோசித்துப் பார்க்கிறேன்: ‘ஒரே ஒரு முறைதான் ஓட்டினேன்’ என்றிருப்பானோ?

அனிமேஷன் தொடரில் வந்தானா?

ஃபாக்ஸ் தொலைக்காட்சியில் 1994 முதல் 1998 வரை வந்த ஸ்பைடர்மேன் தொடரின் மூன்றாம் பருவத்தில், ‘ராக்கெட் ரேசர்’ என்ற அத்தியாயத்தில் வருகிறான். அங்கே கையாடல் கதை கிடையாது; நவீனக் கருவிகளோடு கொள்ளையடிக்கும் திருடன். ரேசர் அங்கே பாதி வழியிலேயே நல்லவனாகிவிடுகிறான். குழந்தைகள் தொடருக்கு அது போதும். சக்கரம் மட்டும் அசைந்து உருளும்போது காகிதத்தில் பார்த்ததைவிட மிரட்டலாக இருக்கிறது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

வண்டியையே சக்தியாகக் கொண்ட வேறு வில்லன்கள் இருக்கிறார்களா?

நிறைய. இரண்டு பேரை மட்டும் சொல்கிறேன்.

ஆர்ப்: இயற்பெயர் டிரேக் ஷானன். மோட்டார் சைக்கிள் சாகசக் கம்பெனி ஒன்று யாருக்குச் சொந்தம் என்று தீர்மானிக்க நடந்த பந்தயத்தில் விபத்துக்குள்ளாகி முகம் சிதைந்தவன். அதன்பிறகு ராட்சதக் கண் வடிவத்தில் ஹெல்மெட் அணிந்துகொண்டு, மோட்டார் சைக்கிளில் வரும் மார்வெல் நாயகன் கோஸ்ட் ரைடரைப் பழிவாங்க வருகிறான். 1973 நவம்பரில் ‘மார்வெல் டீம்-அப்’ 15ஆம் இதழில் அறிமுகம். வரைந்தவர் யார் என்று கேட்கிறீர்களா? ராஸ் ஆண்ட்ருவேதான். இந்த மனிதருக்கும் விசித்திர வண்டிகளுக்கும் ஏதோ பூர்வஜென்ம பந்தம்.

ஓவர்டிரைவ்: 2007ஆம் ஆண்டு, இலவசக் காமிக்ஸ் நாளுக்காக வெளியிடப்பட்ட ஸ்பைடர்மேன் இதழில் வந்தவன்; டான் ஸ்லாட் எழுத, ஃபில் ஹிமெனெஸ் வரைந்தது. பிக் வீலுக்கு ஒரே ஒரு வண்டி. இவனுக்கோ எந்த வண்டியும் தன் வண்டி. கண்ணுக்குத் தெரியாத நானோ இயந்திரங்களின் உதவியால், தொட்ட வாகனத்தைத் தன் விருப்பப்படி உருமாற்றி வேகமும் ஆயுதமும் கூட்டிவிடுவான். தெருவில் நிற்கும் எந்தக் காரும் நொடியில் பந்தயக் கார். பறிகொடுத்தாலும் பயமில்லை, அடுத்த தெருவில் இன்னொன்று நிற்கும். வண்டி வில்லன்களின் அடிப்படைப் பலவீனத்தைத் தீர்த்துவைத்த யோசனை இது. வண்டி போனால் வில்லனும் போனான் என்ற நிலை இவனுக்கு இல்லை.

ஓவர்டிரைவுக்கு வாழ்வு கொடுத்தது ‘தி சுப்பீரியர் ஃபோஸ் ஆஃப் ஸ்பைடர்மேன்’ (2013–2014) என்ற 17 இதழ் தொடர். நிக் ஸ்பென்சர் எழுதி ஸ்டீவ் லீபர் வரைந்தது. ‘பயங்கர அறுவர்’ என்று தங்களுக்குப் பெயர் வைத்துக்கொண்ட கும்பலில் ஐந்தே பேர் இருப்பார்கள். இவன் அவர்களுக்கு ஓட்டுநர். உள்ளூர அவனுக்கு சூப்பர் ஹீரோ ஆக வேண்டும் என்ற ஆசை வேறு. சில்லறை வில்லன்களைப் பற்றி எழுதப்பட்டவற்றில் இதற்கு இணையாக நான் எதையும் சொல்லமாட்டேன்.

மோசமான வில்லன்கள் பட்டியல்களில் பிக் வீல் அடிக்கடி இடம்பெறுவது நியாயமா?

பாதி நியாயம். பெயர் அபத்தம், வண்டி அபத்தம், இரண்டும் பொருந்திப்போவது அதைவிட அபத்தம். ஆனால் பட்டியல் போடுகிறவர்கள் பெரும்பாலும் வண்டியின் படத்தை மட்டும் பார்த்துச் சிரிக்கிறார்கள். கதையில் ஜாக்சன் வீலின் நிலைமை நகைச்சுவையானது அல்ல. செய்த தப்பை மறைக்க இன்னொரு தப்பு, அதை மறைக்க மூன்றாவது என்று படிப்படியாக இறங்கி, கடைசியில் தனக்கு ஓட்டத் தெரியாத ஒன்றில் ஏறி உட்காருகிற மனிதன் அவன். டாக்டர் ஆக்டோபஸ் தன் கைகளைத் தானே செய்தவர்; கிரீன் காப்ளின் தன் பறக்கும் கருவியைத் தானே வடிவமைத்தவன். வீல் எதையும் செய்யவில்லை, காசு கொடுத்து வாங்கினான். ஓட்டிப் பழகவும் அவனுக்கு நேரமில்லை. கோபத்தை மட்டும் எரிபொருளாக வைத்துக்கொண்டு வந்தவன் என்றால் இவன்தான்.

மோசமான வில்லன் என்பதைவிட, ஒருமுறை மட்டும் பயன்படுத்தத் தக்க வில்லன் என்று சொல்வேன். இரண்டாவது முறை அந்தச் சக்கரம் வரும்போது வாசகனுக்கு முதல் ஆச்சரியம் இருக்காது; மூன்றாவது முறை எரிச்சல் வரும்.

லயன் காமிக்ஸில் வந்த ஸ்பைடர் கதைகளில் பிக் வீல் உண்டா?

இல்லை, இருக்கவும் முடியாது. தமிழ் வாசகர்கள் பலருக்கு இந்தக் குழப்பம் இருக்கிறது. 1984இல் சிவகாசியிலிருந்து வரத் தொடங்கிய லயன் காமிக்ஸ் நமக்கு அறிமுகப்படுத்திய ஸ்பைடர், அமெரிக்க ஸ்பைடர்மேன் அல்ல. 1965இல் பிரிட்டனின் ‘லயன்’ வார இதழில் டெட் கோவன் எழுதி ரெக் பன் வரைந்த வேறொரு ஸ்பைடர். கூர்காது, ஏளனச் சிரிப்பு, குற்றச் சக்கரவர்த்தி என்ற பட்டம். பிறகு அந்தத் தொடரை, சூப்பர்மேனை உருவாக்கிய இருவரில் ஒருவரான ஜெர்ரி சீகல் எழுதினார்.

வண்டி என்ற விஷயத்தில் மட்டும் ஓர் உறவு உண்டு. நம் ஸ்பைடரின் ஹெலிகாரை மறந்தவர் இருக்கமாட்டார்கள். வில்லனாகத் தொடங்கியவனுக்குப் பறக்கும் கார் எவ்வளவு பொருத்தமாக அமைந்தது! அவன் அதில் ஏறும்போது யாரும் சிரித்ததில்லை. வண்டி அபத்தமானதா இல்லையா என்பதை வண்டி தீர்மானிப்பதில்லை. அதில் உட்கார்ந்திருப்பவனின் மிடுக்குதான் தீர்மானிக்கிறது. ஜாக்சன் வீலுக்கு அந்த மிடுக்கு இல்லை.

எங்கிருந்து படிக்கத் தொடங்குவது?

172ஆம் இதழிலிருந்து தொடங்கினால் ராக்கெட் ரேசரின் பின்னணி பிடிபடும். பிறகு நேராக 182, 183. நேரமிருந்தால் முன்னுக்குப் போய் ஸ்பைடர்-மொபைல் திரும்பி வரும் 159, 160 இதழ்களையும் படியுங்கள். டிங்கரரின் தொழில் சாமர்த்தியம் அப்போதுதான் முழுதாகப் புரியும். மார்வெல் நிறுவனத்தின் கட்டணச் சேவையான மார்வெல் அன்லிமிடெடில் தொடரின் பழைய இதழ்கள் கிடைக்கின்றன. காகிதத்தில்தான் படிப்பேன் என்பவர்கள் ‘எசென்ஷியல் ஸ்பைடர்மேன்’ கறுப்பு வெள்ளைத் தொகுப்பின் எட்டாம் பாகத்தைப் பழைய புத்தகக் கடைகளில் தேடலாம். வண்ணம் இல்லாததால் ஆண்ட்ருவின் கோடுகள் அதில் இன்னும் தெளிவாகத் தெரிகின்றன.